ஒரு வேஷத்துக்கு இரண்டு பேர்

தாயில்பட்டிப் பக்கத்துக் கோயில் பொங்கலுக்கு நாடகம் கட்டி, நடிகர்களுக்குப் பாடம் சொல்லிக்கொடுக்கும் வாத்தியார் அவர். நோட்டீசில் போடுவதற்கு அவரைப் படம் எடுத்து வரும்படி சிவகாசிப் பிரஸ்ஸிலிருந்து என்னை அனுப்பியிருந்தார்கள்.

ஒல்லியான மனிதர். பகலில் பட்டாசுக் கம்பெனியில் வேலை என்பதால் நகக்கண்களில் வெள்ளி நிற வெடிமருந்து அப்பியிருந்தது. தூரத்தில் லாரி டயர் வெடித்தால்கூடப் பேச்சை நிறுத்திவிட்டு, எங்காவது புகை கிளம்புகிறதா என்று பார்த்தார்.

ஒத்திகையில் ராஜாவின் வசனத்தை இரண்டு பேர் மாறி மாறிச் சொன்னார்கள். மந்திரிக்கும் இரண்டு பேர்.

“எதுக்கு ஒரு வேசத்துக்கு ரெண்டு ஆளு வச்சிருக்கீக?” என்று கேட்டேன்.

“எல்லாரும் மருந்து வேலைக்குப் போறவுக. ரெண்டு பேரும் ஒரே கம்பெனியில இருக்கக் கூடாது. அத மட்டும் பாத்துக்கிடுவேன்.”

கேட்காமல் இருந்திருக்கலாம். கேட்டுவிட்டேன். “வாத்தியாருக்கு ரெண்டாவது ஆளு?”

நடிகர்களை ஒவ்வொருவராகப் பார்த்தார். “நாடகம் அம்புட்டும் என் மனசுக்குள்ளதான் கெடக்கு. இனிமேதான் ஆளு பாக்கணும்.”

கிளம்பும்போது அவருடைய நம்பரை வாங்கிக்கொண்டேன்.

தாயில்பட்டித் திசையில் வெடிச்சத்தம் கேட்டால் பிரஸ்ஸில் எல்லோரும் அங்கே வேலைக்குப் போயிருக்கும் வீட்டாருக்குப் போன் போடுவார்கள். நான் அவருக்குப் போடுகிறேன். யார் என்றுகூட அவர் கேட்பதில்லை. “இருக்கேன்” என்று மட்டும் சொல்கிறார். அந்தச் சொல் வரும்வரை மறுமுனையில் மணி அடிப்பதைக் கேட்டுக்கொண்டு நிற்பது எனக்கு இன்னும் பழகவில்லை.