மிஸ்டர் மக்ரேயின் மேசையில் தண்ணீர் குடித்தவர்

பேய், ஆவி என்று யாராவது கதை தொடங்கினால் நான் எழுந்து போய் அடுப்பைப் பார்க்கிற ஆள். பயத்தினால் அல்ல, அலுப்பினால். ஊரில் எங்கள் ஒழுங்கையில் பாதிப் பேரின் கையில் மந்திரித்த நூல் இருந்தது, என் கையில் ஒருநாளும் இருந்ததில்லை. ஆகவே இதை வாசித்துவிட்டு நீங்கள் சிரித்தால் எனக்குக் கோபம் வராது. நாலு பேர் முன்னால் வாய் திறக்கவே கூச்சப்படுகிற எனக்குக் கதை கட்டுகிற துணிவு கிடையாது என்பதை மட்டும் மனதில் வைத்துக்கொள்ளுங்கள்.

எழுபதுகளின் நடுப்பகுதி அது. நானும் என் கணவரும் மெல்பேர்ணுக்கு வந்து அதிக காலம் ஆகவில்லை. அவருக்கு ரெயில்வேயில் வேலை, எனக்கு ஆஸ்பத்திரிக் குசினியில் பாத்திரம் கழுவும் வேலை. ஃபுட்ஸ்கிரேயில் ஒரு பழைய பலகை வீட்டின் பின்பக்க அறைகளில் வாடகைக்கு இருந்தோம். வீட்டுக்காரர் மிஸ்டர் மக்ரே, மனைவியை இழந்தவர், துறைமுகத்தில் வேலை செய்து ஓய்வு பெற்றவர். பிறந்தது ஸ்கொட்லாந்தின் மலைநாட்டில். குசினி எங்களுக்கும் அவருக்கும் பொது. அவர் ஆங்கிலத்தில் சொன்னதை எல்லாம் எனக்கு விளங்கியபடி எங்கள் பேச்சில் எழுதுகிறேன்.

நல்ல மனிதர்தான், ஆனால் ஒரு விடயத்தில் மட்டும் அவரோடு கதைக்க முடியாது. ஸ்கொட்லாந்துக்காரருக்கும் ஆங்கிலேயருக்கும் நூற்றுக்கணக்கான வருடங்களாக நடந்த சண்டைகளைப் போன கிழமை நடந்தவை போலச் சொல்லுவார். உப்புப் போத்தல் ஸ்கொட்லாந்து, மிளகுத்தூள் போத்தல் இங்கிலாந்து, கரண்டிகள் குதிரைப் படை. பனொக்பேர்ண் என்ற இடத்தில் வென்ற சண்டை என்றால் மிளகுப் போத்தல் மேசையின் விளிம்புவரை ஓடும். ஃபிளொடன் என்ற இடத்தில் தோற்ற சண்டை என்றால் உப்புப் போத்தலை அப்படியே சரித்துப் படுக்க வைப்பார். என் கணவர் வேலையால் வந்து சப்பாத்தைக் கழற்றும்போதே, "இஞ்சரும், இண்டைக்கு உப்போ மிளகோ வெண்டது?" என்று கேட்பார். "சும்மா இருங்கோ, மனிசனுக்குக் கேக்கப் போகுது" என்பேன்.

கல்லோடன் சண்டையைச் சொல்லும்போது மட்டும் அவர் போத்தல்களைத் தொடமாட்டார். அதுதான் கடைசிச் சண்டை, எல்லாம் முடிந்துபோன சண்டை. தன் முப்பாட்டனுக்கும் முந்திய ஒருவர் அதில் குண்டடிபட்டுச் சேற்று வெளியில் கிடந்தாராம். தண்ணீர் தண்ணீர் என்று கத்தினாராம். ஊர்ப் பெண்கள் வாளியோடு வந்தபோது ஆங்கிலேயக் காவல்காரர் துவக்கை நீட்டித் திருப்பி அனுப்பினார்களாம். அவர் தண்ணீர் கிடைக்காமலே செத்தார். அன்றிலிருந்து மக்ரே குடும்பத்துச் சாப்பாட்டு மேசையில் எந்த ஆங்கிலேயனும் உட்கார்ந்ததில்லை. அவர்கள் கப்பலேறி இங்கே வந்தபோது அந்த வழக்கமும் கூடவே வந்தது.

இதில் இருக்கிற சிக்கல் என்னவென்றால், அவருடைய ஒரே மகள் ஜீன் கல்யாணம் கட்டியது பீற்றர் என்ற ஓர் ஆங்கிலேயனை. யோர்க்ஷயரிலிருந்து வந்து இங்கே பஸ் ஓட்டுகிறவன், சாதுவான ஆள். கட்டிப் பல வருடமாகியும் அவன் அந்த வீட்டு வாசற்படியைத் தாண்டியதில்லை. ஜீன் வந்தால் அவன் தெருவில் காருக்குள் இருப்பான். நான் ஒருதரம் தேநீர் கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறேன்.

அந்த வருடம் மக்ரேக்கு நெஞ்சு பழுதாகிவிட்டது. அதிக காலம் இல்லை என்று டொக்டர் ஜீனிடம் சொல்லிவிட்டார். அவள் குசினியில் என் முன்னாலேயே தகப்பனிடம் கேட்டாள்.

"அப்பா, ஞாயிற்றுக்கிழமை பீற்றர் உள்ளுக்கு வந்து இந்த மேசையிலை சாப்பிடுவார். இந்தமுறையும் அவரைத் துரத்தினால் நானும் இனி வரமாட்டன். செத்த வீட்டுக்கும் வரமாட்டன்."

அவர் உப்புப் போத்தலை எடுத்து மேசையின் ஓரத்தில் வைத்தார். பிறகு என்னைப் பார்த்தார். "மிஸஸ் ராஜா, உங்கட கோழிக் கறி செய்வீங்களோ? எனக்கு நிண்டு சமைக்க ஏலாது." அவ்வளவுதான் சம்மதம்.

ஞாயிறு மத்தியானம் நல்ல மழை. நான் சோறும் கோழிக் கறியும் பருப்பும் வைத்தேன். மக்ரே எங்களோடு பழகிக் கையால் சாப்பிடப் படித்திருந்தார், ஜீனும் அப்படித்தான். கை கழுவும் இடமோ முற்றத்துக்கு அப்பால் இருந்தது. விருந்துக்கு வந்தவர்களை மழையில் அனுப்பக்கூடாது என்று, எங்கள் வீடுகளில் மூத்தவர்களுக்குச் செய்வதுபோல, மேசை நடுவில் ஒரு பெரிய கண்ணாடிக் கிண்ணத்தில் தண்ணீர் நிறைத்து வைத்தேன். நான் செய்தது இவ்வளவுதான்.

பீற்றர் தலைமயிரைப் படிய வாரிக்கொண்டு வந்து, கதிரை நுனியில் இருந்தான். ஜீன் பக்கத்தில், மக்ரே எதிரில். நானும் கணவரும் பரிமாற நின்றோம். மக்ரே விஸ்கியை ஊற்றிக்கொண்டு நிமிர்ந்தார், அப்போதுதான் கிண்ணத்தைக் கண்டார். முகம் வெளிறிப்போயிற்று.

"இதை இஞ்சை ஆர் வைச்சது?"

"நான்தான். கை கழுவ" என்றேன். அதற்குமேல் எனக்கு ஆங்கிலம் வரவில்லை.

பிறகுதான் எனக்கு விபரம் தெரிந்தது. சண்டையில் தோற்றவர்கள் தங்கள் அரசர் என்று கொண்டவர் நாடு கடந்து, கடலுக்கு அப்பால் இருந்தார். ஆங்கிலேயரின் கண் முன்னால் அவர் பேரைச் சொல்ல முடியாது. ஆகவே அரசருக்காகக் குடியுங்கள் என்றால், கிளாஸை ஒரு தண்ணீர்க் கிண்ணத்துக்கு மேலாகக் கொண்டுபோய்க் குடிப்பார்களாம், தண்ணீருக்கு அப்பால் இருக்கிற அரசருக்கு என்று அர்த்தம். மக்ரேயின் பாட்டனார் வீட்டில் அது நடந்திருக்கிறது. இங்கே ஒரு தமிழ்ப் பெண் ஒன்றும் அறியாமல் அதே இடத்தில் கிண்ணத்தை வைத்திருக்கிறாள்.

அவர் எழுந்து நின்றார். பீற்றரை நேராகப் பார்த்தபடி, கிளாஸைக் கிண்ணத்துக்கு மேலாக மெல்லக் கொண்டுபோனார்.

"எங்கட அரசருக்கு" என்றார். "கல்லோடனிலை தண்ணியில்லாமல் செத்தவைக்கு."

பீற்றருக்கு ஒன்றும் விளங்கவில்லை. ஜீனுக்கு விளங்கிவிட்டது.

"ஆங்கிலேயரின்ரை பக்கத்திலையும் எங்கட ஸ்கொட்லாந்து ஆக்கள் நிண்டவை அப்பா, அதை ஏன் சொல்லுறேல்லை?"

"அவங்களைப் பற்றி இந்த வீட்டிலை கதைக்கிறேல்லை."

"சரி. எழும்புங்கோ பீற்றர், போவம்." அவள் கோட்டைக் கையில் எடுத்துவிட்டாள்.

நம்புவதும் நம்பாததும் உங்கள் விருப்பம். முதலில் மணம் வந்தது, நனைந்த கம்பளியும் சேறும் கலந்த மணம், ஜன்னல்கள் எல்லாம் பூட்டியிருந்தன. பிறகு சத்தம். காய்ச்சல்காரர் செம்பை வாயில் வைத்து மடக்கு மடக்கென்று குடிப்பாரே, அதே சத்தம், மேசை நடுவிலிருந்து. கிண்ணத்தில் தண்ணீர் இறங்கிக்கொண்டு வந்தது. யாரும் தொடவில்லை. கண்ணாடிக் கிண்ணமாகையால் நாங்கள் ஐந்து பேரும் கண்ணால் பார்த்தோம். அடிவரை வற்றியது, சத்தமும் நின்றது.

என் கணவர் என் கையைப் பிடித்தார், பகிடி பேசுகிற மனிதரின் கை ஐஸ்போல இருந்தது. ஜீன் கோட்டோடு அப்படியே நின்றாள். அசைந்தது பீற்றர் ஒருவன்தான். அவன் எழுந்து, யாரையும் கேட்காமல், மழையில் இறங்கி முற்றத்துக் குழாயில் ஜக்கில் தண்ணீர் பிடித்துக்கொண்டு வந்து கிண்ணத்தில் ஊற்றினான். மெதுவாக, நோயாளிக்குக் கொடுப்பதுபோல. அதுவும் வற்றியது. திரும்பவும் பிடித்து ஊற்றினான். எத்தனை தரம் என்று நான் எண்ணவில்லை. கடைசியில் தண்ணீர் கிண்ணத்திலேயே நின்றது, ஒரு சொட்டும் குறையவில்லை. சேற்று மணமும் போய்விட்டது.

மக்ரே தன் தாய்ப் பாஷையில் ஏதோ சொன்னார். அவருடைய கன்னமெல்லாம் நனைந்திருந்தது. பிறகு சோற்றுப் பாத்திரத்தைத் தூக்கிப் பீற்றரின் பக்கம் தள்ளினார்.

"இரு. சாப்பிடு. ஆறிப்போகுது."

அவன் இருந்தான். ஜீன் கோட்டைக் கழற்றினாள். ஐந்து பேரும் ஒரே மேசையில் இருந்து சாப்பிட்டோம்.

அந்தக் குளிர்காலம் முடியுமுன் மக்ரே இறந்தார். கடைசி நாட்களில் அவரைத் தூக்கி இருத்தியதும் முகம் துடைத்ததும் பீற்றர்தான். தன் முன்னோரின் தாகத்தை ஓர் ஆங்கிலேயன் தன் மேசையிலேயே தீர்த்துவைத்தான் என்று, பார்க்க வந்த எல்லோரிடமும் அவர் சொன்னார். நிம்மதியாகத்தான் போனார்.

கிண்ணத்தில் வெடிப்பு ஏதும் இருந்ததா என்று என் கணவர் பிறகு வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தார். இல்லை. மேசையும் காய்ந்தே இருந்தது. அதற்குக்கூட என்றாவது யாராவது விளக்கம் சொல்லலாம். எனக்கு நித்திரையைக் கெடுக்கிறது வேறு. அன்று சாப்பாடு முடிந்து, நான் தாழ்வாரத்தில் பாத்திரம் கழுவும்போது பீற்றர் வந்து பக்கத்தில் நின்றான்.

"அவன் தண்ணி கேட்டது உங்களுக்கும் கேட்டதோ?"

"குடிக்கிற சத்தம் மட்டும்தான்" என்றேன்.

"எனக்கு வடிவாய்க் கேட்டது. அதாலைதான் ஊத்தினனான்." குரலைத் தாழ்த்தினான். "ஆனால் அது ஸ்கொட்லாந்துப் பேச்சில்லை, மிஸஸ் ராஜா. எங்கட யோர்க்ஷயர்ப் பேச்சு. என்ரை அப்பப்பா கதைக்கிற மாதிரியே. ஆரோ எங்கட ஊர் ஆள், வயசும் கனக்க இராது. இதை அவருக்குச் சொல்லட்டோ?"

வேண்டாம் என்று தலையாட்டினேன். அவன் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை.

இப்போதும் குழாயைத் திறக்கும்போது சில நாட்களில் என் கை நின்றுவிடுகிறது. அன்று குடித்தது அந்தச் சண்டைக்கு வந்து செத்த ஓர் ஆங்கிலேயப் பையன் என்றால், மக்ரேயின் முன்னோருக்கு இன்னும் யாரும் தண்ணீர் கொடுக்கவில்லை.