முப்பத்தெட்டு வீடும் ஒரே துணியில்

ஜெயபாரதி நன்றாக வரைவாள். தனியாக வரையத்தான் பிடிக்காது. பாண்டி பஜாரில் ஜவுளிக்கடை வைத்திருக்கும் அவள் அப்பா கனகராஜ், "நாலு பேரை உக்கார வச்சு வேலை வாங்குததுக்குப் பேரு ஓவியமாக்கும்?" என்று கேலி பண்ணுவார். ஆனால் கேட்ட துணியை மறுபேச்சில்லாமல் கிழித்துக் கொடுத்துவிடுவார். தங்கமான மனுஷன்.

அந்தத் துணியோடுதான் இரண்டு வருஷமாகப் பூவரசங்கொல்லைக்குப் பஸ் ஏறினாள். நிலக்கரிச் சுரங்கம் அகன்றுகொண்டே வந்து அந்த ஊரையும் விழுங்கப் போகிறது. மொத்தம் முப்பத்தெட்டு வீடு. போகமாட்டோம் என்று ஜனங்கள் அடம்பிடிக்கவில்லை. எல்லாரையும் ஒரே இடத்தில் குடிவையுங்கள் என்றுதான் கேட்டார்கள். மாற்றுக் குடியிருப்பு ஒதுக்கும் அதிகாரி போட்ட பட்டியலோ அவர்களை நாலு ஊருக்குப் பிரித்தது. மனு எழுதிக் கை ஓய்ந்ததுதான் மிச்சம். கடைசியில் ஜெயபாரதி சொன்ன யோசனைப்படி, பழைய புடவை, லுங்கியெல்லாம் வெட்டி, அவரவர் வீட்டை அவரவரே ஒரே துணியில் தைத்தார்கள்.

மயிலாப்பூர்க் கண்காட்சிக் கூடத்தில் அதைச் சுவரில் மாட்டியபோது அவளுக்குப் பெருமை தாங்கவில்லை. அந்த அதிகாரியும் வருவதாகச் சொல்லியிருந்தார். வேனில் வந்திறங்கிய ஊர்ப்பெண்கள் அண்ணாந்து பார்த்தார்கள். ஒருத்திக்கும் பிடிக்கவில்லை.

"இன்னாம்மா, வூட்டப் போயி செவுத்துல தொங்கவுட்டுக்கீற?" என்றாள் சந்திரிகா. "எறக்கு கீழ!"

"ஐயையோ, தொடப்படாது!" என்று கூடத்தை நடத்தும் காமாக்ஷி மாமி ஓடிவந்தாள். யார் கேட்டார்கள்? துணியைத் தரையில் விரித்து, செருப்பைக் கழற்றிவிட்டு, அவரவர் வீட்டின்மேல் சப்பணமிட்டு உட்கார்ந்து ஊர்வம்பு பேச ஆரம்பித்துவிட்டார்கள். அடக் கஷ்டமே, அதிகாரி பார்த்தால் என்ன நினைப்பார்! ஜெயபாரதி வாசலை எட்டிப் பார்த்தாள்.

அவரும் வந்துவிட்டார். ஷூவோடு ஒரு காலை வைத்தவரை, "சார், அது எங்க சமையக்கட்டு!" என்று ஒரு குரல் தடுத்தது. பதறிப்போய் ஷூவைக் கழற்றினார். பிறகு தொண்டையைச் செருமிக்கொண்டு பட்டியலைப் பிரித்தார்.

"மொத ஊருக்குப் போறவங்க எழுந்திருங்க, பார்ப்போம்."

ஒன்பது பேர் எழுந்தார்கள். சந்திரிகாவும் எழ, அவள் மடியில் தூங்கிக்கொண்டிருந்த குழந்தை வீறிட்டது. அது பக்கத்து வீட்டு ஜானுவின் குழந்தை. ஜானுவின் பெயரோ மூன்றாவது ஊரில் இருந்தது.

"நா வேலைக்குப் போனா இவனை யாரு சார் பாத்துக்குவாங்க?" என்றாள் ஜானு.

அதிகாரி குழந்தையைப் பார்த்தார். பட்டியலைப் பார்த்தார். "எல்லாரும் உக்காருங்கம்மா," என்றார். "நான் எங்க உக்காரட்டும்?"

"புளியமரத்தடில குந்து சார். அது பொது எடம்."

புளியமரமாகத் தைத்திருந்த பச்சைப் புடவைத் துண்டின்மேல் உட்கார்ந்து, நாலு ஊர்ப் பெயரில் மூன்றை அடித்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார். ஜெயபாரதி தேம்பித் தேம்பி அழுதாள்.

"இப்ப இன்னாத்துக்கு அழுவற?" என்று சிரித்தாள் சந்திரிகா, குழந்தையைத் தட்டிக்கொண்டே. "எல்லாரும் ஒண்ணாத்தான போறோம்!"