கூலிக்கு மாரடிக்கிறவள்

அரைகுறையாக வேலை பார்க்கிறவனை "கூலிக்கு மாரடிக்கிறான்" என்று சொல்லாத வாய் காரைக்கால் பக்கம் கிடையாது. சொல்கிறவர்களில் ஒருவராவது கூலிக்கு மாரடித்துப் பார்த்திருப்பாரா? குரும்பகரம் பெரியநாயகி அடித்திருக்கிறாள். நடவு இல்லாத நாட்களில் இழவு வீடுகளில் பாட்டெடுத்து மாரடிப்பது அவள் பிழைப்பு. செத்தது யாரோ எவரோ, அவள் கண்ணீர் நிஜம். வீடு திரும்பும்போது நெஞ்சு கன்றிப்போயிருக்கும். அந்தச் சொலவடையைக் கேட்டாலே அவளுக்குப் பற்றிக்கொண்டு வரும்.

எழுபத்தேழாம் வருஷப் புயலில் மண்டபத்தூர் மீனவக் குப்பத்துச் சிங்காரவேலு கடலோடு போய்விட்டான். உடம்பு கிடைக்கவில்லை. பன்னிரண்டாம் நாள் அவன் அண்ணன் கோவிந்தராசு பெரியநாயகிக்கு ஆள் அனுப்பினான். காரியம் முடியாமல் அந்தக் குப்பத்தில் ஒரு படகும் இறங்காது. அடுப்புகள் அணைந்து கிடந்தன. மாரடித்து, பாட்டில் பெயரைச் சொல்லிவிட்டால் ஆள் செத்தவன் என்று ஆகிவிடும். அடுத்தது பெண்டாட்டியின் தாலியைக் கழற்றுவார்கள்.

சிங்காரவேலுவின் மனைவி மலர்க்கொடி தாலியை இறுக்கிப் பிடித்தபடி பெரியநாயகியிடம் வந்தாள்.

"அக்கா, அவரு வந்துருவாரு. நீங்க அழுதா எல்லாரும் அழுதுருவாங்க. அழுவாதீங்கக்கா."

"என்னம்மா பாத்துகிட்டு நிக்கிறே? ஆரம்பி," என்றான் கோவிந்தராசு.

சுற்றிலும் பசித்த முகங்கள். பெரியநாயகி யோசித்தாள். மாட்டேன் என்று கிளம்பினால் வேறொருத்தியைக் கூட்டிவந்துவிடுவார்கள்.

உட்கார்ந்தாள். பாட்டெடுத்தாள். ஈ ஓட்டுவதுபோல் கை மாரில் பட்டது. பெயர் வரவேண்டிய இடத்தில் இருமினாள். அடுத்த வரியை மறந்தவளாக விழித்தாள். ஒரு பெண்ணும் சேர்ந்து அழவில்லை.

"தூ! கூலிக்கு மாரடிக்கிறா பாரு!" கோவிந்தராசு கத்தினான்.

அவமானத்தில் அவளுக்கு உடம்பெல்லாம் கூசியது. ஆனாலும் கையை ஓங்கவில்லை.

"இது அழுகையில சேத்தி இல்ல," என்று ஊர்ப் பெரியவர்கள் எழுந்துவிட்டார்கள். பிசகிப்போன அழுகையை உடனே மறுபடி எடுப்பது அங்கே வழக்கமில்லை. தாலி தப்பியது. பசி பொறுக்காத குப்பம் மூன்றாம் நாள் காரியம் இல்லாமலேயே கடலில் இறங்கியது. பெரியநாயகியை மட்டும் அதற்குப் பிறகு எந்த இழவுக்கும் யாரும் கூப்பிடவில்லை.

தை அறுவடையின்போது பெரியநாயகி அறுத்துக்கொண்டிருந்த வயலுக்கு மலர்க்கொடி தனியாக வந்து நின்றாள். ஆள் பாதியாக இளைத்திருந்தாள்.

"அவரு வர மாட்டாருக்கா," என்றாள். "இப்ப அழுவுங்க."

பெரியநாயகி அரிவாளைக் கீழே போட்டாள். அந்த வரப்பிலேயே உட்கார்ந்து, சிங்காரவேலுவின் பெயரைச் சொல்லி ஓங்கி அடித்துக்கொண்டாள். அறுத்துக்கொண்டிருந்தவர்கள் எல்லாரும் நிமிர்ந்துவிட்டார்கள்.