அவகாசம் வேண்டாமுங்க

கேரள எல்லைக்குள் இருக்கும் எங்கள் ஊர் வாசகசாலையில் சட்டத்துக்கும் அரசியலுக்கும் ஒரு முழு அலமாரி இருக்கிறது. அரசமைப்பு, நிலச் சட்டம், பஞ்சாயத்துச் சட்டம், வாரிசுரிமை என்று எல்லாம் உண்டு. பாதி மலையாளம், பாதி இங்கிலீஷ். தமிழ்ப் பக்கம் போனால் நாவல், ஜோசியம், சமையல், கோலம். நூலகர் நான்தான் என்றாலும் எதை வாங்குவது என்று முடிவு செய்வது கமிட்டி. சட்டத்தைத் தமிழில் வாங்கலாம் என்று கேட்கும்போதெல்லாம் "தமிழ்க்காரர்க்கு நாவல் போரே?" என்று தலைவர் சிரிப்பார். நாவல் போதாதா என்று கேட்கிறாராம். கோயம்புத்தூரில் தமிழ்ச் சட்டப் புத்தகம் தாராளமாகக் கிடைக்கும், ஆனால் அதில் இருப்பது அந்தப் பக்கத்துப் பட்டாவும் சிட்டாவும். வேலந்தாவளம் செக்போஸ்ட்டைத் தாண்டி இந்தப் பக்கம் வந்துவிட்டால் அதை வைத்து விசிறிக்கொள்ளலாம்.

இந்தப் பகுதித் தமிழர்கள் அரசுக்குத் தமிழிலேயே மனு எழுதலாம், பதிலும் தமிழில்தான் வரவேண்டும் என்று சட்டம் இருக்கிறது. அதைக்கூட நான் மலையாளத்தில் படித்துத்தான் தெரிந்துகொண்டேன். நினைத்தாலே பற்றிக்கொண்டு வருகிறது.

அத்தை, என் அப்பாவுக்கு அக்கா. தமிழ்நாட்டில் கிணத்துக்கடவுப் பக்கம் கட்டிக்கொடுத்து, மாமா இறந்த பிறகு பிறந்த வீட்டுக்கே திரும்பி வந்தவர். அவருடைய மலையாளம் பஸ் ஏறி இறங்கும் அளவுக்குத்தான். தாத்தா எதுவும் எழுதி வைக்காமல் போய்விட்டதால் வீட்டிலும் தென்னந்தோப்பிலும் அவருக்கும் அப்பாவுக்கும் சரிபாதி. தனக்கு அங்கே ஒரு பங்கு உண்டு என்பது அத்தைக்கும் தெரியும்.

போன கோடையில் ஒரு ஞாயிற்றுக்கிழமை நான் அப்பா வீட்டுக்குப் போனபோது, அத்தை தன் சாமான்களை மாட்டுக் கொட்டகையை ஒட்டிய அறைக்கு மாற்றிக்கொண்டிருந்தார். முகத்தில் ஒரே பெருமை.

"ஊட்டைப் பிரிச்சுக் கட்டோணும், ரெஜிஸ்டர் ஆபீஸ்ல ஒரு கையெழுத்து வேணும்னு உங்கொப்பன் கூட்டிட்டுப் போனான் கண்ணு. அந்த ஆபீசர் தங்கமான மனுசன். 'அவகாசம் வேண்டே அம்மே'ன்னு ரெண்டு வாட்டி கேட்டாரு. அவகாசமெல்லாம் வேண்டாமுங்க, ஒரே நாள்ல காலி பண்ணிருவனுங்கன்னு சொல்லிப்போட்டு வந்தேன்."

தமிழில் அவகாசம் என்றால் நேரம், தவணை. மலையாளத்தில் அதே சொல்லுக்கு உரிமை என்று அர்த்தம். உங்களுக்கு உரிமை வேண்டாமா அம்மா என்று அந்த மனிதர் அக்கறையாகவே கேட்டிருக்கிறார். இவர் வேண்டாம் என்று சொல்லி, பங்கை விட்டுக்கொடுக்கும் பத்திரத்தில் கையெழுத்தும் போட்டுவிட்டார். அந்த வேண்டாம் மட்டும் இரண்டு மொழியிலும் ஒன்றாகப் போய்விட்டது. 'பங்கு' என்று ஒரு வார்த்தை காதில் விழுந்திருந்தால் அத்தை நாற்காலியை விட்டு எழுந்திருப்பார்.

அதிகாரிக்குத் தமிழ் தெரியாது, அத்தைக்கு மலையாளம் தெரியாது. இரண்டும் தெரிந்த ஆள் பக்கத்தில் நின்றுகொண்டிருந்தார். களத்தில் தேங்காய் உரித்துக்கொண்டிருந்த அப்பாவிடம் போய் நின்றேன்.

"உங்களுக்கு ரெண்டு பாசையும் தெரியுமல்லங்கப்பா. அப்ப வாயில என்ன கொழுக்கட்டையா வெச்சிருந்தீங்க?"

"நான் பொய் ஒண்ணும் சொல்லலியே. அவரு கேட்டாரு, அக்கா வேண்டாம்னுச்சு." அவர் தலை நிமிரவில்லை. "எல்லாம் நாளைக்கு உனக்கும் உன்ற தம்பிக்குந்தான்."

எனக்காகவாம். ஒரு பொய்கூடச் சொல்லாமல் கூடப்பிறந்தவளின் சொத்தை வாங்கிவிட முடியும் என்று எந்தச் சட்டப் புத்தகமும் எனக்குச் சொல்லித்தரவில்லை. இனி கோர்ட்டுக்குத்தான் போக வேண்டும். அங்கேயும் அத்தையிடம் மலையாளத்தில்தான் கேள்வி கேட்பார்கள்.

அத்தையிடம் எல்லாவற்றையும் சொன்னேன். தோப்பைப் பற்றியோ வீட்டைப் பற்றியோ அவர் எதுவும் கேட்கவில்லை.

"அந்த வார்த்தைக்கு அதுதான் அர்த்தம்னு உங்கொப்பனுக்குத் தெரியுமா?"

"தெரியுமுங்க அத்தை."

கையிலிருந்த செம்பைக் கீழே வைத்தார்.

"கேட்டிருந்தாக் குடுத்திருப்பன் கண்ணு. எனக்கு ஆரு இருக்கறா, அவனுக்குத்தான் குடுத்திருப்பன். இனிக் குடுக்க மாட்டன்."

பிறகு எழுந்து, கொட்டகை அறைக்குள் கொண்டுபோய் வைத்திருந்த தகரப் பெட்டியின் ஒரு காதைப் பிடித்தார். இன்னொரு காதைப் பிடிக்கச் சொல்லி என்னைப் பார்த்தார். இருவரும் அதைத் தூக்கிக்கொண்டு வீட்டுக்குப் போனோம். வாசலில் வந்து நின்ற அப்பா, வழியை விட்டு ஒதுங்கினார்.