நீர் நிற்கும் இடம்

விளக்கு வைத்த பிறகு எங்கள் குசினிக்குப் பின்னால் யாரோ மடக்கு மடக்கென்று தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தார்கள். மூன்று மிடறு, ஒரு நிறுத்தம், மறுபடி மூன்று மிடறு. மாரி தொடங்கியதிலிருந்து இதுதான். குசினிக் கதவும் அன்றிலிருந்து நிலைக்குள் முழுதாகப் போக மறுத்தது; தாழ்ப்பாள் ஓட்டைக்கு எட்டவில்லை. கணவர் கட்டாரில். வீட்டில் நானும் மூன்று வயது மகளும். கதவுக்கு முட்டுக்கொடுத்து ஒரு கதிரை, கதிரையின்மேல் அரிசி வாளி, வாளியின்மேல் செபமாலை.

பகலில் என் வேலை, பிரதேச சபைக்காகப் புங்குடுதீவின் குளம், கேணி, வெள்ளவாய்க்கால் எல்லாவற்றையும் அவற்றின் பழங்கதையோடு படிவத்தில் நிரப்புவது. படிவத்தோடு படலை படலையாகத் திரிந்த உங்களுக்குத் தெரியும்: கேள்வியை எழுதியவர் ஒரு நாளும் ஒரு வீட்டுப் படலையைத் தட்டியிருக்க மாட்டார்.

ஆறு

முதல் கேள்வியே ஆற்றைப் பற்றியது. தீவில் ஆறு கிடையாது. ஆனால் எந்தக் கேள்வியையும் விட்டுவிட்டுப் போகக் கூடாது என்று கன்னியர் மடப் பள்ளிக்கூடத்தில் சிஸ்டர் பழக்கியிருந்தார். மடத்துவெளியில் ஆடுகளுக்குக் குழை கட்டிக்கொண்டிருந்த ஒருவரிடம், "ஆறு இருக்கோ அக்கா?" என்றேன். அவர் படிவத்தைப் பார்த்தார், பட்டியைப் பார்த்தார்.

"ஆறு இல்லைப் பிள்ளை, அஞ்சுதான். ஒண்டை நாய் கடிச்சுப் போட்டுது, அதுக்கும் ஏதும் தருவினமோ?"

கேணி வெட்டியவர்

என்னோடு அளவுநாடா பிடிக்க வருபவர் தவம் அண்ணை. ஒரு கேணியின் இரு பக்கமும் இரண்டு வீடுகள். கிழக்கு வீட்டு ஐயா, வள்ளத்தில் கல் ஏற்றிவந்து கட்டியது தன் பூட்டன் என்றார். மேற்கு வீட்டு ஐயா மதிலுக்கு மேலால் தலையை நீட்டி, கட்டியது தன்னுடைய பூட்டன், மற்றவர் கரையில் குந்தி வெற்றிலை போட்டவர் என்றார். அரை மணித்தியாலம் இப்படியே போனது. தவம் அண்ணை அமைதியாக அடுத்த கேள்வியை வாசித்தார்: "தூர் வார வேண்டியவர் யார்?" மேற்கு வீட்டுத் தலை மதிலுக்குக் கீழே இறங்கியது. பிறகு கிழக்கு வீட்டு ஐயா பெருந்தன்மையோடு சொன்னார்:

"யோசிச்சுப் பாத்தா, அவையின்ர பூட்டன்தான் வெட்டியிருப்பார்."

குடிக்கிறவர்

நித்திரை இல்லாமல் கண் எரிந்த ஒரு நாள், சத்தத்தைப் பற்றி தவம் அண்ணையிடம் சொல்லிவிட்டேன். சிரிப்பார் என்று நினைத்தேன். அவர் நடந்தபடியே யோசித்தார்.

"பேய் எண்டா தண்ணி குடியாது தங்கச்சி. கள்ளன் எண்டாலும் உங்கட வளவு உப்புத் தண்ணியைக் குடியான்."

நீர்

அந்த நித்திரைக் கலக்கத்தோடுதான் அடுத்த படலையில் நின்று, படிவத்தில் இருந்ததை அப்படியே வாசித்தேன்: "நீர் நிற்கும் இடம்?" உள்ளே மீன் வெட்டிக்கொண்டிருந்த அம்மா யன்னலால் எட்டிப் பார்த்தார்.

"நான் குசினிக்க நிக்கிறன். நீர்தான் பிள்ளை வெயிலுக்க நிக்கிறீர், உள்ள வாரும்."

அடுத்த காணி

குளத்திலிருந்து கடலுக்குப் போகும் பழைய வாய்க்கால் ஒன்றைத் தேடினோம். கேட்ட வீட்டிலெல்லாம் ஒரே பதில், அது அடுத்த காணிக்குள்ளால் ஓடுகிறதாம். அளவுநாடாவோடு வேலி வேலியாகப் புகுந்து போனோம். ஏழாவது வேலிக்கு அந்தப் பக்கம் கொடியில் ஒரு சிறிய சட்டை காய்ந்தது. என் மகளின் சட்டை.

போன விடுமுறையில் வந்த கணவர் ஆசையோடு கட்டிய குளியலறை, வாய்க்காலுக்குக் குறுக்கே உட்கார்ந்திருந்தது. அடியில் கைப் பருமனில் ஒரு குழாய் விட்டிருந்தார். ஒரு குளத்து வெள்ளம் அதற்குள்ளால் போகப் பார்த்து, விக்கி, மூச்சுவாங்கி, மறுபடி போனது. மூன்று மிடறு, ஒரு நிறுத்தம். மிச்சம் குசினிச் சுவரடியில் தேங்கியதில் கதவுப் பலகை ஊறிப் பருத்திருந்தது. படிவத்தில் 'நீரோட்டத்தை மறித்தவர் பெயர்' என்றொரு பெட்டி உண்டு. எழுதினால் கணவர் கட்டிய சுவர் போகும். எழுதாவிட்டால் மாரி முழுக்கக் கதிரையும் வாளியும்தான். தவம் அண்ணை பேனையை நீட்டிவிட்டு முகத்தை மற்றப் பக்கம் திருப்பிக்கொண்டார்.

"அடுத்த காணி எண்டு எழுதுவமோ தங்கச்சி? எல்லாரும் அப்பிடித்தானே சொன்னவை."

கட்டாரிலிருந்து

எழுதினேன், சிஸ்டர் பழக்கிய உருண்டை எழுத்தில், கணவரின் முழுப் பெயரும். பிரதேச சபை ஆட்கள் வந்து ஒரு சுவரை இடித்துப் பெரிய குழாய் புதைத்தார்கள். அன்று பின்னேரம் கணவருக்குத் தொலைபேசியில் சொன்னேன்.

"ஊரெல்லாம் திரிஞ்சு கடைசியில என்னையோ பிடிச்சனீர்?"

அதன் பிறகு ஒரு கிழமை வெயில் எறித்தது. குளியலறைக்கு ஒரு பக்கம் இன்னும் சுவர் இல்லை, கட்டாரில் கோபம் இன்னும் ஆறவில்லை, ஆனால் குடிக்கிறவர் போய்விட்டார், வாளி அலுமாரிக்குப் பக்கத்தில் தன் இடத்துக்குப் போய்விட்டது, இன்றிரவு குசினிக் கதவின் தாழ்ப்பாளை உள்ளேயிருந்து ஒற்றை விரலால் போட்டுவிட்டுத்தான் இதை எழுத உட்கார்ந்தேன்.