ஞாயிற்றுக்கிழமை இல்லாமல் போன மணை

என் மனைவியின் வளைகாப்புக்கு, ஆபீஸில் தூங்கிய நேரத்தைக் கொண்டு மணை செய்வித்து எடுத்துப் போனவன் நான். இதை நானே சொல்லிவிடுவது நல்லது. அவள் வீட்டார் சொன்னால் இன்னும் கேவலமாக இருக்கும்.

யுத்தம் நடந்துகொண்டிருந்த காலம். அம்பத்தூரில் குடியிருந்து, பட்டணத்தில் ஒரு வெள்ளைக்காரக் கம்பெனியில் குமாஸ்தாவாக இருந்தேன். மாமனார் வீடு பருத்திப்பட்டில், ஏரிப் பாசனத்தில் உழுது சாப்பிடுகிற பழைய குடும்பம். அவர்களுக்கு என்னைப் பிடிக்காது. காரணம் கேட்டால் "எப்பப் பாத்தாலும் பொஸ்தகம்" என்பார்கள். எனக்கும் அவர்களைப் பிடிக்காது. அதற்கு நான் காரணம் தேடியதில்லை.

அந்தக் குடும்பத்தில் ஒரு வழக்கம் உண்டு. முதல் வளைகாப்புக்குப் பெண் உட்காரும் மணையைப் புருஷன்தான் கொண்டுவர வேண்டும். அது மரத்தில் செய்ததாக இருக்கக் கூடாது. அவனுடைய சொந்த நேரத்தில் செய்ததாக இருக்க வேண்டும். "மணை வரலன்னா பொண்ணு பிரசவத்துக்கு அப்பாலியும் இங்கதான் இருக்கும், மாப்ளே. கொழந்தையுந்தான்," என்று மாமனார் சொல்லிவிட்டார். வேடிக்கைக்குப் பேசுகிற மனிதர் அல்ல.

நேரத்தில் பொருள் செய்கிறவர்கள் அப்போது பூந்தமல்லியில் ஒரு தெரு நிறைய இருந்தார்கள். காலத்தச்சர் என்று பெயர். எந்த நாள், எத்தனை மணியிலிருந்து எத்தனை மணிவரை, எங்கே இருந்தோம் என்று நாம் சொல்லச் சொல்ல, அந்த நேரத்தை நம் தோளிலிருந்து இழைப்புளியால் சீவி எடுப்பார்கள். வலிக்காது. ஆனால் சீவிக் கொடுத்த நேரம் பிறகு நம் ஞாபகத்தில் இருக்காது. காத்திருந்த நேரம் தேக்கு மாதிரி நிற்கும். சண்டை போட்ட நேரம் வெயில் பட்டால் வளைந்துகொள்ளும்.

எனக்கு வாய்த்த மேஸ்திரி வெற்றிலைச் சாற்றையும் வார்த்தையையும் ஒரே மாதிரி துப்புகிறவர். "உன்னுதுதானா?" என்று மூன்று தடவை கேட்டார். அது அவர்கள் தொழில் முறை; நாலாவது தடவை கேட்க மாட்டார்கள். மூன்று தடவையும் "என்னுதுதான்" என்றேன்.

பொய் சொல்வதாக நான் நினைக்கவில்லை. படித்தவனாயிற்றே, ஒரு நியாயம் வைத்திருந்தேன். தினமும் டிபன் மணி அடித்ததிலிருந்து நாலு மணிவரை ரிக்கார்டு அலமாரிக்குப் பின்னால் தூங்குவேன். கம்பெனி சம்பளம் கொடுப்பது வேலைக்கு. நான் வேலையே செய்யாத நேரத்தில் கம்பெனிக்கு என்ன பாத்தியதை? எட்டு மாதத் தூக்கத்தை அப்படியே கொடுத்தேன். மணை பளபளவென்று வந்தது. சனிக்கிழமை அதைச் சாக்கில் கட்டிப் பருத்திப்பட்டுக்குக் கொண்டுபோனேன். மாமனார் தட்டிப் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் போனார். அந்த வீட்டில் அதற்குப் பாராட்டு என்று அர்த்தம்.

மறுநாள் வளைகாப்பு. பெண்கள் கூடிவிட்டார்கள், வளையல்காரர் மூட்டையைப் பிரித்தாயிற்று. பெரிய மச்சினன் சாக்கை அவிழ்த்துத் தலைகீழாக உதறினான். உள்ளங்கை அகலத்தில் ஒரு சில்லு விழுந்தது.

"இன்னா மாப்ள, பூனைக்கா வளைகாப்பு?" என்றான்.

யாரும் சிரிக்கவில்லை. சிரித்திருந்தால் தேவலை. மனைவி என்னைப் பார்க்காமல் புடவை ஓரத்தைப் பார்த்துக்கொண்டிருந்தாள். மாமனார்தான் பேசினார்: "நாலரைக்கு ராகுகாலம். அதுக்குள்ள மணை வரணும். வரலன்னா எம்பொண்ணு வெறுந்தரையில குந்தும். அப்பால அம்பத்தூரு பக்கமே வராது. போ நீ." அதுவரை என்னை 'நீங்க' என்றுதான் சொல்லிக்கொண்டிருந்தார்.

மச்சினனின் சைக்கிளை வாங்கி மிதித்தேன். அதையும் முறைத்துக்கொண்டுதான் கொடுத்தான். பூந்தமல்லி போய்ச் சேர்ந்தபோது மேஸ்திரி சாப்பிட்டுவிட்டுப் படுத்திருந்தார். சில்லைக் கையில் வாங்கி முகர்ந்தார்.

"ஆபீஸ் நேரமா?"

"நான் தூங்கின நேரம்."

"வித்த மாடு தூங்கினா உன் மாடு ஆயிடுமா? வித்த நேரம், வாங்கினவன் கதவு தொறக்காத நாள்ல நிக்காது நைனா. ஞாயித்துக்கெழமை கம்பெனி பூட்டிக்கீது. உன் மணையும் உள்ளாற மாட்டிக்கினு கீது. நாளைக்குப் போயி அலமாரிக்குப் பின்னாடி பாரு."

"இந்தச் சில்லு?"

"அது டிபன் நேரம். அது ஒண்ணுதான் உன்னுது. மூணு தபா கேட்டேனே, மாடு மாதிரி தலைய ஆட்டினியே."

ரயிலுக்குக் காத்திருந்த நேரம் இருக்கிறது என்றேன். பட்டாபிராமிலிருந்து வரும் பட்டாளத்துச் சரக்கு வண்டி போகட்டும் என்று அம்பத்தூர் ஸ்டேஷனில் மணிக்கணக்காக நின்றிருக்கிறேன்.

"அது ராஜா நேரம். யுத்தம் முடிஞ்சி அவரு திருப்பிக் குடுத்தா கொண்டா. ஊட்ல இன்னா பண்ணுவ?"

"படிப்பேன்."

"எவனாச்சும் படிக்கச் சொன்னானா?"

"இல்லை."

"அப்போ அது உன்னுது. குடு."

நான் தயங்கினேன். கல்யாணம் ஆனதிலிருந்து மூன்று வருடத்துச் சாயங்காலங்கள், ஞாயிற்றுக்கிழமைகள். கொடுத்தால் படித்தது அத்தனையும் போய்விடும். "குடுக்கலன்னா பொஸ்தகத்தையே கட்டிக்கினு வாழு," என்று மேஸ்திரி மறுபடியும் படுக்கப் போனார். மணி ஒன்றரை. கொடுத்தேன்.

என்ன போயிற்று என்று எனக்குத் தெரியாது. வீட்டு அலமாரியில், ஓரமெல்லாம் என் கையெழுத்தில் குறிப்பு எழுதிய புத்தகங்கள் நிறைய இருக்கின்றன. கெட்டிக்காரத்தனமான குறிப்புகள். எழுதிய ஆளை நினைத்தால் எரிச்சலாக வருகிறது.

நாலு மணிக்கு மணையோடு போய் நின்றேன். பெரிய மச்சினன் அதன்மேல் ஏறி நின்று குதித்துப் பார்த்தான். அசையவில்லை. இறங்கியபோது அவன் முகத்தில் இருந்த ஏமாற்றம் எனக்கு அன்று கிடைத்த ஒரே சந்தோஷம். மனைவி உட்கார்ந்தாள். மாமனார் மறுபடியும் 'நீங்க'வுக்கு வந்தார்: "நீங்க கெளம்பலாம்."

குழந்தைக்கு மூன்று மாதம் ஆனதும் சொன்ன வாக்குப்படி அனுப்பினார்கள். மாட்டு வண்டியிலிருந்து முதலில் குழந்தை, அடுத்து மனைவி, கடைசியில் மணை இறங்கியது. சில நாள் பொறுத்திருந்து, அதன்மேல் உட்கார்ந்தபோது எப்படி இருந்தது என்று அவளைக் கேட்டேன். மூன்று வருடத்துப் படிப்பாயிற்றே, ஏதாவது தெரிந்திருக்காதா என்று ஒரு நப்பாசை.

அவள் குழந்தைத் துணியை மடித்துக்கொண்டே சொன்னாள்: "குந்துனதும் ஒரே தூக்கமா வந்துச்சி. வளையல் அடுக்கி முடிக்கிற வரிக்கும் கொட்டாவிய அடக்கிக்கினு இருந்தேன்."