மாமா சாகவிடாத பிள்ளை

வெளிநாடு வந்து மகளோடு இருக்கும் லூயிஷாம் வீட்டில் ஒரு மத்தியானம் டிவியில் பழைய ஜெர்மன் ஊமைப்படம் ஒன்று போனது. நான் வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தேன். வெள்ளை ரிப்பன் கட்டிய அந்தப் பிள்ளையைக் கண்டதும் கத்தியைக் கீழே வைத்தேன். எனக்குத் தெரிந்த படம். ஐம்பது வருசத்துக்கு மேலாகத் தெரியும். அந்தக் காலத்து ஜெர்மன்காரர் கண்ணாலேயே கதைப்பார்கள். சுவரில் விழும் நிழல்கூட நடிக்கும். இப்போதுள்ளவர்களுக்கு வாய் ஓயாது.

யாழ்ப்பாணத்தில் அப்போது கூடாரம் அடித்துப் படம் காட்டுவார்கள். இடையில் வரும் இங்கிலீஷ் எழுத்தை வாசித்து, திரைக்குப் பக்கத்தில் நின்று கதை சொல்பவர் என் மாமா, அம்மாவின் தம்பி. எனக்கு ஏழு வயது. அவர் குரலுக்குக் கூடாரமே அடங்கும்போது, நானே படம் எடுத்தவள் போல நிமிர்ந்து இருப்பேன்.

இந்தப் படம் ஓடிய அன்று அம்மாவும் வந்திருந்தார். என் தங்கச்சி காய்ச்சலில் போன பிறகு அவர் வீட்டை விட்டு வெளிக்கிட்டது அன்றுதான். மாமாதான் கெஞ்சிக் கூட்டிவந்தார்.

ரிப்பன் பிள்ளை கட்டிலில் கண்ணை மூடியது. எழுத்து வந்தது. மாமா அம்மா இருந்த பக்கம் பார்த்தார்.

"பிள்ளை நித்திரை. காய்ச்சல் விட்டிட்டுது."

அடுத்ததாகக் கறுப்பு உடுப்புக்காரரின் ஊர்வலம்.

"இது பிள்ளையின்ரை அக்காவின்ரை கலியாணம்."

"கறுப்பு உடுத்தே கலியாணம், அண்ணை?" என்று பின்னாலிருந்து ஒருவர் கேட்டார்.

"அந்த ஊரிலை அப்பிடித்தான்."

"அப்ப அந்தப் பெட்டி?"

"சீதனப் பெட்டி!"

கூடாரம் விழுந்து விழுந்து சிரித்தது, விசிலடித்தது. அடுத்த நாளே கூடார முதலாளி வேறு ஆளை வைத்துவிட்டார்.

"உன்ரை மாமாவுக்கு இங்கிலீஷ் தெரியாதாம்" என்று பள்ளிக்கூடத்தில் பகிடி பண்ணினார்கள். ஒரு மாதம் நான் மாமாவோடு கதைக்கவில்லை. அவர் வாங்கிவந்த இனிப்பைத் தொடவும் இல்லை. அம்மாவோ அவருக்கு முன்னைவிடக் கூடுதலாகச் சோறு போட்டார். அதுவும் எனக்குக் கோபம்.

எனக்கு இங்கிலீஷ் எழுத்து இன்றும் பிடிபடாது. அதற்காக யாருக்கும் தலை குனிந்ததில்லை. டிவியில் அந்தக் கட்டில் வந்ததும் மகளைக் கூப்பிட்டேன்.

"என்ன எழுதிக் கிடக்கு, வாசி."

"பிள்ளை செத்துப்போச்சாம், அம்மா."

மாமா எழுத்தை ஒழுங்காகத்தான் வாசித்திருக்கிறார்; சொன்னதுதான் வேறு. அதைச் சொல்லி அவர் கையைப் பிடிக்க அவர் இன்று இல்லை. திரையில் கறுப்பு ஊர்வலம் வந்தது.

"இல்லைப் பிள்ளை, அது நித்திரை" என்றேன். "பார், சீதனப் பெட்டி போகுது."